எக்ஸ்க்ளூசிவ்னா என்ன சார்?

போன வாரம் ஒரு தம்பி செல்போனை நீட்டினான். கேள்விப்படாத ஓர் இணையதளத்திலிருந்து மெயில்: "டியர் ரைட்டர், உங்கள் எக்ஸ்க்ளூசிவ் கன்டென்ட் வேண்டும். அர்ஜென்ட். பேமென்ட் உண்டு." கீழே பேர் இல்லை, 'டீம்' என்று மட்டும். பையன் கவிஞன், முகத்தில் கல்யாணக் களை. அவனுக்குச் சொன்னதை எழுத வருகிற மற்றவர்களுக்கும் சொல்லி வைக்கிறேன்.

1. அந்த 'எக்ஸ்க்ளூசிவ்' என்னவென்று அவர்களிடமே கேள். இதுவரை எங்கும் வராததா? அவர்கள் போட்டபின் சில மாதம் வேறெங்கும் தரக்கூடாதா? இல்லை, மொத்தமாக எழுதிக் கொடுத்துவிட வேண்டுமா? முதலாவது பழைய சங்கதி. 'சொந்தக் கற்பனை, வேறெந்தப் பத்திரிகைக்கும் அனுப்பவில்லை' என்று உறுதிமொழி எழுதி, தபால்தலை ஒட்டிய உறையும் வைத்து அனுப்பியவர்கள்தான் நாங்கள். இரண்டாவது வீட்டை வாடகைக்கு விடுவது. மூன்றாவது கிரயம்.

2. 'கன்டென்ட்' என்றால் கதை என்று நீயாக முடிவு கட்டாதே. என்ன வேண்டும், எத்தனை வார்த்தை, யார் பேரில் வரும்?

3. தளத்தில் ஆசிரியர் பேரும் முகவரியும் இருக்கிறதா பார். அங்கே எழுதிய ஒருவரைப் பிடித்துப் பணம் வந்ததா என்று கேள். கூச்சப்படாதே. வேபேக் மெஷினில் பழைய பக்கங்கள் கிடைத்தால், போன வருஷம் அவர்கள் என்ன விற்றார்கள் என்பதும் தெரியும்.

4. 'ரெஜிஸ்ட்ரேஷன் ஃபீஸ்' என்றால் அதோடு விடு. யுபிஐ பின் கேட்டாலும் அப்படியே; பணம் வாங்குவதற்கு அது தேவையில்லை.

5. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் 19ஆம் பிரிவைப் படி. நீ கையெழுத்திட்ட எழுத்து இல்லாமல் உரிமை கைமாறாது. கைமாற்றும்போது காலம் குறிக்காவிட்டால் 5 ஆண்டு, இடம் குறிக்காவிட்டால் இந்தியா என்றுதான் கொள்ளப்படும். இது தெரியாமல், ஒரு தளத்துக்கு போனில் "சரிங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு, அவர்கள் உரிமை தங்களுடையது என்றதும் என் தொகுப்பிலிருந்து நல்ல கதையொன்றை நானே உருவினேன். புரூஃப் வரை வந்த கதை. இன்னும் வயிறு எரிகிறது.

6. பதில் வரும்வரை படைப்பை அனுப்பாதே. கேள்விகளை மட்டும் அனுப்பு.

தம்பி அனுப்பினான். இரண்டே நாளில் பதில்: ஊறுகாய் விற்கிறார்களாம், வேறெங்கும் வராத சமையல் குறிப்பு பத்து வேண்டுமாம். கவிஞன் இப்போது அம்மாவிடம் நார்த்தங்காய்க்கு உப்பு எவ்வளவு என்று கேட்டுக்கொண்டிருக்கிறான்.