பொருத்தமான தொழிலும் நிறைவான வாழ்வும்

(ஆலய பரிபாலன சபை உறுப்பினர், இளைப்பாறிய அரச எழுதுவினைஞர்)

மனிதனுடைய வாழ்நாளில் நித்திரைக்கு அடுத்தபடியாக அதிக நேரத்தை எடுத்துக்கொள்வது தொழிலே ஆகும். இருபத்தைந்து வயதில் ஒரு தொழிலில் சேரும் ஒருவர் அறுபது வயது வரை, முப்பத்தைந்து ஆண்டுகள் அதனோடு வாழ்கின்றார். அத்தனை ஆண்டுகளும் மனம் ஒட்டாத வேலையில் கழியுமானால் வாழ்க்கையே சுமையாகிவிடும். எனினும் பிள்ளைகளின் திருமணத்துக்குச் சாதகம் பார்த்துப் பத்துப் பொருத்தமும் கேட்கும் நாம், தொழிலுக்குப் பொருத்தம் பார்ப்பதில்லை. இது குறித்துச் சில கருத்துக்களை இம்மலரின் வாயிலாக அன்பர்களுடன் பகிர்ந்துகொள்ள விழைகின்றேன்.

கோறணமேந்து மோகம்

"கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்க வேண்டும்" என்பது எங்கள் யாழ்ப்பாணத்துப் பழமொழி. இதற்கு ஒரு வரலாறு உண்டு. 1823ஆம் ஆண்டு தொடங்கிய வட்டுக்கோட்டை செமினரி முதலான கல்விக்கூடங்களில் ஆங்கிலம் கற்றவர்களுக்கு அரச அலுவலகங்களின் கதவுகள் திறந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து எம்மவர்கள் மலாயாவுக்கும் கப்பலேறிப் புகையிரதப் பகுதியிலும் அலுவலகங்களிலும் வேலை பார்த்தனர். அவர்கள் அனுப்பிய பணத்தில் இங்கே கல்வீடுகள் எழுந்தன. நீர்வளம் குறைந்த எமது மண்ணில் மாதச் சம்பளமும் பென்சனும் பெரும் பாதுகாப்பாக இருந்தன. ஆகவே அந்தப் பழமொழி அக்காலத்துக்குப் பொருந்தியதே.

ஆனால் காலம் மாறியது. 1956ஆம் ஆண்டின் அரசகரும மொழிச் சட்டத்துக்குப் பின்னர் அரச சேவையில் தமிழருக்கான வாய்ப்புகள் சுருங்கின. வாய்ப்புச் சுருங்கியபோதும் மோகம் சுருங்கவில்லை. இன்றும் பட்டம் பெற்ற பிள்ளைகள் நியமனக் கடிதத்தை எதிர்பார்த்து ஆண்டுக்கணக்கில் வீட்டில் இருக்கின்றனர். இதைச் சோம்பல் என்று சொல்வது நியாயமன்று. 'உத்தியோக மாப்பிள்ளை'க்கு ஒரு மரியாதையும், நன்றாக உழைக்கும் மேசனுக்கோ மின்னிணைப்பாளருக்கோ வேறொரு மரியாதையும் கலியாணப் பேச்சில் கொடுப்பவர்கள் நாம் தானே? பிள்ளைகள் காத்திருப்பது நாம் மதிக்கும் இடத்துக்காக.

காலம் காட்டிய பாடம்

ஒரு தொழிலின் பெறுமதியை இன்றைய நிலையை மட்டும் வைத்து அளக்க முடியாது. 1970 முதல் 1977 வரை இறக்குமதிகள் கட்டுப்படுத்தப்பட்டிருந்தபோது மிளகாயும் வெங்காயமும் பயிரிட்ட குடாநாட்டு விவசாயிகள் தலைநிமிர்ந்தனர். விசுவமடு, முத்தையன்கட்டு ஆகிய இடங்களில் படித்த வாலிபர் திட்டங்களின் கீழ் காணி பெற்ற இளைஞர்கள் காடு வெட்டிக் கமம் செய்தனர். 1977இன் பின் இறக்குமதி திறந்துவிடப்பட்டதும் விலைகள் வீழ்ந்தன. விலையை மாத்திரம் நம்பி இறங்கியவர் சோர்ந்தார். மண்ணை நேசித்தவர் வேறு பயிருக்கு மாறி நிலைத்தார்.

1990களின் பொருளாதாரத் தடைக் காலத்தை எம்வயதினர் எவரும் மறக்கமாட்டார்கள். பெற்றோல் இல்லை, மின்சாரம் இல்லை. அப்போது சில துளி பெற்றோலில் இயந்திரத்தை உயிர்ப்பித்து மண்ணெண்ணெயில் வாகனம் ஓடச் செய்தவர்கள் எமது கராச்சுக்காரர்கள். சைக்கிள் டைனமோவைச் சுழற்றி வானொலிச் செய்தி கேட்க வழி கண்டவர்களும் எம்மூர்க் கைகளே. அந்நாளில் ஊரை ஓடச் செய்தவர்களில் சைக்கிள் திருத்துபவர் முதன்மையானவர். 2022ஆம் ஆண்டு எரிபொருளுக்கு வரிசையில் நின்றபோதும் பழைய சைக்கிள்களைத் தூசு தட்டிக்கொண்டு மீண்டும் அவரிடமே போனோம். ஊருக்குத் தேவையான தொழில் எக்காலத்திலும் சாவதில்லை என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

நாயன்மார் காட்டிய நெறி

எமது சமயத்தில் இக்கருத்துக்குப் பெரும் ஆதாரம் இருக்கின்றது. பெரிய புராணத்தை அருளிய சேக்கிழார் பெருமான் சோழ மன்னனின் அமைச்சராக இருந்தவர். அவர் போற்றிய அடியார்களின் தொழில்களைப் பாருங்கள். திருநீலகண்டர் மட்பாண்டம் வனைந்தவர். நேசர் நெசவு செய்தவர். அதிபத்தர் கடலில் மீன்பிடித்தவர். இளையான்குடி மாறனார் உழவர். திருக்குறிப்புத் தொண்டர் துணி வெளுத்தவர்.

இவர்கள் தம் தொழிலை விட்டுவிட்டுத் தொண்டு தேடிப் போகவில்லை என்பது நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டியது. திருநீலகண்டர் அடியார்க்குக் கொடுத்தது தாம் வனைந்த திருவோடு. நேசர் கொடுத்தது தாம் நெய்த ஆடை. திருக்குறிப்புத் தொண்டர் செய்தது அடியாரின் துணியை வெளுத்துக் கொடுத்தது. கை அறிந்த வேலையே அவர்களுக்கு வழிபாடாயிற்று. தொழில் வேறு, புண்ணியம் வேறு என்று அவர்கள் பிரிக்கவில்லை.

இங்கே ஒரு விளக்கம் அவசியம். பகவத்கீதை தன் தருமத்தைச் செய்வதே சிறந்தது என்று சொல்வதைச் சிலர், அப்பன் செய்த தொழிலையே பிள்ளையும் செய்ய வேண்டும் என்று பொருள் கொள்வர். என் சிற்றறிவுக்கு எட்டியவரை, தன் இயல்புக்கு ஏற்றதைச் செய் என்பதே அதன் உட்கருத்து. பிறப்பைக் காட்டிப் பிள்ளையைக் கட்டிப்போடுவதும் தவறு. கௌரவத்தைக் காட்டி விருப்பமில்லாத துறையில் தள்ளுவதும் தவறு.

பொருத்தம் பார்ப்பது எப்படி?

திருக்குறளிலே 'தெரிந்து வினையாடல்' என்றோர் அதிகாரம் உண்டு. ஒரு வேலையை முடிக்க வல்லவர் யார் என ஆராய்ந்து, பின் அதை அவர் பொறுப்பில் விட்டுவிட வேண்டும் என்று அரசனுக்கு வள்ளுவர் கூறுகின்றார். பெற்றோருக்கும் இது பொருந்தும். ஆராய்வதும் வேண்டும்; ஆராய்ந்தபின் விட்டுவிடுவதும் வேண்டும்.

முதலாவதாக, பிள்ளை எவரும் சொல்லாமலே எதைச் செய்கிறது என்று பாருங்கள். பழுதான மின்விசிறியைக் கழற்றிப் பார்க்கும் பிள்ளைக்கும், சின்னப் பிள்ளைகளை இருத்திப் பாடம் சொல்லும் பிள்ளைக்கும் வழி ஒன்றல்ல. இரண்டாவதாக, அந்தத் திறமை யாருக்குப் பயன்படும் என்று கேளுங்கள். மூன்றாவதாக, அத்தொழிலின் கடினமான பகுதியைப் பிள்ளை தாங்குமா என்று சோதியுங்கள். எந்தத் தொழிலிலும் ஒரு கசப்பு உண்டு. விடுமுறையில் ஒரு மாதம் தொழில் தெரிந்த ஒருவரோடு நின்று பழகினால் அது விளங்கிவிடும்.

வழிகளும் இன்று பல உள்ளன. 2013ஆம் ஆண்டு முதல் க.பொ.த. உயர்தரத்தில் தொழில்நுட்பத் துறையும் இருக்கின்றது. என்.வி.கியூ. எனப்படும் தேசிய தொழிற் தகைமை ஏழு மட்டங்களைக் கொண்டது. ஏழாம் மட்டம் பட்டத்துக்குச் சமமானது. பாடநெறி எதுவும் பயிலாமல் வேலைத்தளத்திலே பழகியவரும் தம் திறமையைச் செய்துகாட்டித் தகைமைச் சான்றிதழ் பெற இடமுண்டு. பென்சன் இல்லையே என்று கவலைப்படுவோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். தனியார் துறையில் தொழில் தருநர் சம்பளத்தின் 12 வீதத்தையும் ஊழியர் 8 வீதத்தையும் ஊழியர் சேமலாப நிதிக்குச் செலுத்த வேண்டும். ஊழியர் நம்பிக்கை நிதிக்குத் தொழில் தருநர் மேலும் 3 வீதம் செலுத்த வேண்டும். வேலையில் சேரும் நாளிலேயே இவற்றைக் கேட்டு உறுதிசெய்துகொள்வது புத்தி.

நோக்கம் எங்கே இருக்கின்றது?

பொருத்தமான தொழில் கிடைத்தாலும் அதில் நிறைவு தானாக வந்துவிடாது. அடியேன் அறிந்த அலுவலக வாழ்விலிருந்து ஓர் உதாரணம் கூறுகின்றேன். அக்காலத்தில் எழுதுவினைஞர் என்றவர்களைப் பின்னர் முகாமைத்துவ உதவியாளர் என்றனர். பெயர் மாறினாலும் மேசைக்கு வருவது கோப்புத்தான். கணவனை இழந்த ஒரு தாயின் ஓய்வூதியக் கோப்பு, பிறப்புச் சான்றிதழிலும் விவாகச் சான்றிதழிலும் பெயரில் ஓர் எழுத்து வேறுபடுவதால் மாதக்கணக்கில் நின்றுவிடும். இடம்பெயர்ந்தபோது பத்திரங்களைத் தொலைத்தவர்களின் நிலை இன்னும் கடினம்.

ஒரே தரம், ஒரே சம்பளம் பெறும் இருவர் அடுத்தடுத்த மேசைகளில் இருப்பார்கள். ஒருவர் "நாளைக்கு வாங்கோ" என்பார். மற்றவர் "அம்மா, இருங்கோ" என்று சொல்லி, அடுத்த முறை கொண்டுவர வேண்டிய பத்திரங்களை ஒரு துண்டில் வரிசையாக எழுதிக் கொடுப்பார். அந்தத் துண்டு அந்தத் தாய்க்கு இரண்டு நாள் அலைச்சலையும் பேருந்துக் காசையும் மிச்சப்படுத்தும். முதலாமவருக்கு அது காகிதம். இரண்டாமவருக்கு அது ஒரு குடும்பம். மாலையில் மனநிறைவோடு வீடு போனவர் யார் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

எமது திருவிழாவிலும் இதைக் காணலாம். சிவாச்சாரியாரின் மந்திரமும் தவில் வித்துவானின் அடியும் தேரின் அச்சைச் சோதிக்கும் தச்சரின் கண்ணும் மாலை தொடுப்பவரின் விரலும் சேர்ந்தால்தான் எம்பெருமான் வீதியுலா வருவார். இவற்றில் எதை விட்டுவிட்டுத் தேர் இழுக்க முடியும்? தச்சுக்கும் மாலைக்கும் அயலூரில் ஆள் தேடும் நிலை வந்தபின் வருந்திப் பயனில்லை.

ஆகவே பெற்றோர்களே, "என்ன வேலை?" என்று கேட்பதோடு நில்லாது "யாருக்கு உதவும் வேலை?" என்றும் பிள்ளையிடம் கேளுங்கள். இளைஞர்களே, நியமனத்துக்கு விண்ணப்பியுங்கள்; ஆனால் காத்திருக்கும் காலத்தில் கையில் ஒரு தொழிலைப் பழகிக்கொள்ளுங்கள். எந்தத் தொழிலானாலும் அதைச் செம்மையாகச் செய்பவருக்கு எமது ஆலய முன்றலில் முதல் மரியாதை கிடைக்கட்டும்.

எல்லோரும் தத்தமக்கு ஏற்ற தொழிலும் அதில் மனநிறைவும் பெற்று வாழ எல்லாம் வல்ல எம்பெருமான் திருவருள் பாலிப்பாராக.