மட்டாஞ்சேரியில் ஒரு வரலாற்று நடை

செங்கோட்டை வழியே கொச்சி செல்லும் தமிழ் மாணவர், மட்டாஞ்சேரி அரண்மனையிலிருந்து வழிகாட்டியுடன் நடையைத் தொடங்குதல் நலம். அரண்மனைக் கோயிலும் யூதரின் பரதேசி ஜெப ஆலயமும் அடுத்தடுத்து அமைந்திருத்தலை அங்கே காணலாம். 1568இல் எழுந்த அவ்வாலயம், யூதர் டச்சுக்காரருக்குத் துணைநின்றனர் என்னும் சினத்தால் 1662இல் போர்த்துக்கீசியரால் எரியூட்டப்பெற்றது. 1663இல் கொச்சி டச்சுக்காரர் வசமான பின்னரே மீண்டும் எழுந்தது. மணிக்கூண்டையும் நீலச் சீன ஓடுகளையும் வழிகாட்டிகளே விரித்துரைப்பர்.

அவர்கள் விரைந்து கடந்துவிடும் செப்பேடே நமக்குரிய பாடம். ஏறத்தாழ கி.பி. 1000இல் சேரமன்னன் பாஸ்கர ரவிவர்மன், இசுப்பு இரப்பான் என்னும் யூதத் தலைவனுக்கு அஞ்சுவண்ணத்தையும், பகல்விளக்கு, பல்லக்கு, குடை உள்ளிட்ட 72 உரிமைகளையும் வழங்கிய பட்டயம் அது. எழுத்து, நம் வட்டெழுத்தே! அஞ்சுவண்ணம் என்பது கடல்கடந்து வந்த வணிகர் குழுவின் பெயர். அப்பெயர் தக்கலை முஸ்லிம்களிடையே இன்றும் வழங்குகிறது. தோப்பில் முஹம்மது மீரானின் 'அஞ்சுவண்ணம் தெரு' என்னும் புதினத்தை மாணவர் அறிவர். கி.பி. 849ஐச் சார்ந்த கொல்லம் தரிசாப்பள்ளிச் செப்பேட்டிலோ, அரபுக் கூஃபி, பஹ்லவி, எபிரேய எழுத்துகளிலான சாட்சிக் கையொப்பங்கள் ஒருங்கே உள்ளன.

யூதருட் பெரும்பாலோர் 1950களில் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்தனர். தெருவில் எஞ்சியிருந்த மூதாட்டி சாரா கோஹன் 2019இல் மறைந்தார். முதுமையில் அவரையும் அவருடைய பூத்தையற் கடையையும் பேணியவர், அத்தெருவில் வணிகம் செய்துவந்த ஒரு முஸ்லிம் அன்பர்.