வீட்டின் விலை பத்திரத்தில் இல்லை: வீட்டுக் கடனின் உண்மைக் கணக்கு

(ஜும்ஆ உரையின் எழுத்து வடிவம்)

எல்லாப் புகழும் அல்லாஹ்வுக்கே. ஸலவாத்தும் ஸலாமும் நம் உயிரினும் மேலான நபி முஹம்மது (ஸல்) அவர்கள் மீதும், அவர்களின் குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் உண்டாவதாக.

 

இரண்டு வாரத்துக்கு முன், அஸருக்குப் பிறகு ஒரு சகோதரர் என்னிடம் வந்தார். கள்ளக்குறிச்சி பஜாரில் சிறிய கடை வைத்திருப்பவர். கையில் ஒரு காகிதம். "ஹஜ்ரத், இதைக் கொஞ்சம் பாருங்க" என்றார். வீட்டுக் கடனுக்கான கணக்கு அறிக்கை அது. ஐந்து வருடத்துக்கு முன் அந்த வீட்டின் குடிபுகுதலுக்கு நான் போயிருந்தேன். துஆ ஓதினேன், பிரியாணி சாப்பிட்டேன், வந்துவிட்டேன். "எப்படிக் கட்டினீங்க பாய்?" என்று ஒரு வார்த்தை நான் கேட்கவில்லை. அந்தக் குறை என்னுடையது. அதனால்தான் இன்று மிம்பரில் இதைப் பேசுகிறேன்.

அவர் சொன்னார்: "அஞ்சு வருஷமா ஒரு தவணைகூடத் தவறினதில்லை ஹஜ்ரத். 20 லட்சம் வாங்கினேன். 20 வருஷக் கடன். அஞ்சு வருஷம் ஆச்சு, அஞ்சு லட்சமாவது கழிஞ்சிருக்கும்னு நினைச்சேன். ஆனா இதுல வேற மாதிரி இருக்கே?"

நம்மில் எத்தனையோ பேர் இப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறோம். வாருங்கள், கணக்கைப் பார்ப்போம்.

20 லட்சம் 43 லட்சமாகும் கதை

வட்டி இடையில் ஏறும், இறங்கும். புரிவதற்காக 9 சதவீதம் என்று ஒரே சீராக வைத்துக்கொள்வோம். 20 லட்சம், 20 வருடம். மாதத் தவணை 17,995 ரூபாய். 240 மாதம் கட்டினால் மொத்தம் சுமார் 43 லட்சத்து 19 ஆயிரம். அதாவது வாங்கியது 20 லட்சம். வட்டி மட்டும் 23 லட்சத்துக்கு மேல். ஒரு வீட்டில் குடியிருக்கிறோம், இரண்டு வீட்டுக்கு மேல் பணம் கட்டுகிறோம்.

இது பாதிக் கணக்குதான். மீதிப் பாதி, தவணை எப்படிப் பிரிகிறது என்பதில் இருக்கிறது. முதல் மாதம் நாம் கட்டும் 17,995 ரூபாயில் 15,000 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 2,995 மட்டும். முதல் வருடம் முழுக்க 2 லட்சத்து 16 ஆயிரம் கட்டுகிறோம். கடன் குறைவது 37 ஆயிரத்துச் சொச்சம்.

ஐந்து வருடம் முடியும்போது கட்டியது 10 லட்சத்து 80 ஆயிரம். கழிந்த அசல் 2 லட்சத்து 26 ஆயிரம். இன்னும் 17 லட்சத்து 74 ஆயிரம் பாக்கி. அந்தச் சகோதரரைத் திடுக்கிட வைத்தது இதுதான்.

பத்து வருடம் முடியும்போது 21 லட்சத்து 59 ஆயிரம் கட்டியிருப்போம். வாங்கிய 20 லட்சத்தைவிட அதிகம் கொடுத்தாகிவிட்டது. ஆனாலும் 14 லட்சத்து 20 ஆயிரம் பாக்கி நிற்கும். அசலில் பாதி தீரவே 14 வருடம் ஆகும்.

கச்சிராயபாளையத்திலிருந்து வெள்ளிமலைக்குப் பஸ்ஸில் போனவர்களுக்குத் தெரியும். வளைந்து வளைந்து எவ்வளவோ நேரம் ஓடியிருக்கும். கீழே பார்த்தால் புறப்பட்ட இடம் அங்கேயேதான் தெரியும். வீட்டுக் கடனின் முதல் பத்து வருடம் அப்படித்தான்.

இதில் யாரும் ஏமாற்றவில்லை, சகோதரர்களே. மீதமுள்ள அசலுக்கு அந்த மாத வட்டி, அது போக மிச்சம் அசலுக்கு. கணக்கு முறையே அது. கையெழுத்துப் போட்ட காகிதத்தில் எல்லாம் இருந்தது. நாம்தான் "மாசம் எவ்வளவு?" என்று கேட்டோம். "மொத்தம் எவ்வளவு?" என்று கேட்கவில்லை.

"தவணையைக் குறைத்துத் தருகிறோம்" என்றால்

அதே 20 லட்சத்தை 30 வருடத்துக்கு நீட்டினால் தவணை 16,092 ஆகும். மாதம் 1,900 ரூபாய் மிச்சம் என்று மனம் மகிழும். ஆனால் மொத்தம் சுமார் 57 லட்சத்து 93 ஆயிரம் கட்ட வேண்டும். அதையே 15 வருடத்தில் முடித்தால் தவணை 20,285. மொத்தம் 36 லட்சத்து 51 ஆயிரம். 20 வருடக் கடனைவிட மாதம் 2,290 ரூபாய் அதிகம், மொத்தத்தில் 6 லட்சத்து 67 ஆயிரம் குறைவு. ஆக, வீட்டின் விலையைக் கூட்டுவது வட்டி விகிதம் மட்டுமல்ல, வருடங்களும்தான்.

வட்டி விகிதம் நம் கையில் இல்லை என்பதையும் மறக்கக் கூடாது. 2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ விகிதத்தை ரிசர்வ் வங்கி படிப்படியாக உயர்த்தி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதமாக்கியது. 2025ல் குறைக்கவும் செய்தது. 7 சதவீதத்துக்கு 20 லட்சம் வாங்கியவருக்குத் தவணை 15,506. தொடக்கத்திலேயே விகிதம் 9.5 ஆனால் மாத வட்டி மட்டும் 15,833. தவணையை மாற்றாமல் அப்படியே கட்டினால் கடன் குறையாது, வளரும்! இப்படி நடக்கக் கூடாது என்றுதான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். உங்களைக் கேட்காமல் காலம் நீண்டிருக்கிறதா என்று வீட்டுக்குப் போனதும் பாருங்கள்.

காகிதத்தில் வராத விலை

கடன் ஒப்பந்தத்தோடு பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கட்டணம், பத்திரத்தை ஒப்படைத்ததற்கான பதிவுச் செலவு எல்லாம் வரும். பல இடங்களில் இன்சூரன்ஸ் பிரீமியத்தையும் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். அந்தப் பிரீமியத்துக்கும் 20 வருடம் வட்டி கட்டுகிறோம்.

இன்னொன்று நம் மாவட்டத்துக்கே உரிய விஷயம். நம் வருமானம் பெரும்பாலும் மாதச் சம்பளம் அல்ல. கரும்பு வெட்டி ஆலைக்குப் போய்ப் பணம் வர வருடம் ஆகும். மரவள்ளியும் மக்காச்சோளமும் பருவத்துக்குத்தான் பணம் தரும். பஜாரில் கடை வைத்திருப்பவருக்கும் அந்தப் பணம் புழங்கினால்தான் வியாபாரம். ஆனால் தவணை பருவம் பார்க்காது. மழை பொய்த்த மாதமும் அதே தேதி, அதே தொகை.

90 நாளுக்கு மேல் தவணை நின்றால் கடன் வாராக்கடன் ஆகும். 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, வழக்குப் போடாமலே வீட்டைக் கையகப்படுத்தி ஏலம் விடும் அதிகாரம் கடன் கொடுத்தவருக்கு வந்துவிடும்.

"வாடகை கொடுப்பதும் வீண்தானே ஹஜ்ரத்?" என்று சிலர் கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அந்தச் சகோதரர் முன்பு 7,000 ரூபாய் வாடகை கொடுத்துவந்தார். அது திரும்ப வராத பணம்தான். ஆனால் இப்போது திரும்ப வராத வட்டி முதல் மாதம் 15,000. மனை விலை ஏறும் என்பதும் உண்மையே. ஆனால் குடியிருக்கும் வீட்டின் விலை ஏறினால், விற்கும் அன்றுதான் அது பணம். அதுவரை தவணை கட்ட அது உதவாது.

மார்க்கம் என்ன சொல்கிறது?

சகோதரர்களே, அடமானம் என்பதே மார்க்கத்தில் தடுக்கப்பட்டதல்ல. நபி (ஸல்) அவர்கள் தம் குடும்பத்துக்காக முப்பது ஸாஉ வாற்கோதுமையைக் கடனாக வாங்கி, தம் கவசத்தை ஒரு யூதரிடம் அடமானம் வைத்திருந்தார்கள். அவர்கள் வஃபாத்தானபோதும் அந்தக் கவசம் அடமானத்தில்தான் இருந்தது என்று ஆயிஷா (ரலி) அவர்கள் அறிவிப்பது புகாரியில் இருக்கிறது. தேவைக்குக் கடன் வாங்குவது கேவலமல்ல. அதற்கு ஈடு வைப்பதும் குற்றமல்ல.

தடுக்கப்பட்டது வட்டி. ஹிஜ்ரி 10ல், இறுதி ஹஜ்ஜின் உரையில் நபியவர்கள் அறியாமைக் கால வட்டியை ரத்து செய்தபோது, முதலில் ரத்து செய்தது தம் சொந்தச் சிறிய தந்தை அப்பாஸ் (ரலி) அவர்களுக்கு வர வேண்டிய வட்டியை. தம் வீட்டிலிருந்து தொடங்கினார்கள்.

நம் ஊர்களில் வழக்கமாக இருக்கும் ஒத்தி, போகியம் பற்றியும் சொல்லியாக வேண்டும். வங்கி வேண்டாம் என்று சொல்லிவிட்டு, ஐந்து லட்சம் கொடுத்து வாடகையில்லாமல் குடியிருந்து, போகும்போது அதே ஐந்து லட்சத்தை முழுசாக வாங்கிக்கொள்கிறோம். கொடுத்தது கடன், அதற்குப் பதிலாக அனுபவித்தது வீடு. கடனால் ஆதாயம் அடைவது வட்டியின் வகையே என்பதால் உலமாக்கள் இதையும் தடுக்கிறார்கள். பெயர் மாறினால் சட்டம் மாறாது.

குர்ஆனின் மிக நீளமான வசனம் எதைப் பற்றியது தெரியுமா? அல்பகரா அத்தியாயத்தின் 282வது வசனம், கடனை எழுதிக்கொள்வது பற்றி. தெளிவாக எழுது, சாட்சி வை, சிறிய தொகையானாலும் சலிப்படையாதே என்று அல்லாஹ் கற்றுத்தருகிறான். 20 வருடத்துக்கான காகிதத்தைப் படிக்காமலே கையெழுத்துப் போடும் நமக்கு இதில் பாடம் இல்லையா?

கடனோடு இறந்தவருக்கு நபியவர்கள் தாமே ஜனாஸா தொழவைக்கத் தயங்கிய சம்பவமும், அபூ கதாதா (ரலி) அந்தக் கடனைத் தாம் ஏற்ற பிறகு தொழவைத்ததும் நாம் அறிந்ததே. 45 வயதில் 20 வருடக் கடனுக்குக் கையெழுத்துப் போடுபவர், 65 வரை உயிரோடும் வருமானத்தோடும் இருப்பேன் என்று எந்த தைரியத்தில் போடுகிறார்?

இன்னும் கையெழுத்துப் போடாதவர்களுக்கு

அவசரப்படாதீர்கள். இந்தியாவில் வட்டியில்லா வங்கி இல்லை; அந்த யோசனையைத் தொடர்வதில்லை என்று ரிசர்வ் வங்கி 2017ல் முடிவு செய்துவிட்டது. வழி கடினம்தான், ஆனால் அடைபட்டுவிடவில்லை. நம் பெரியவர்கள் முதலில் மனை வாங்கினார்கள். பிறகு ஒரு அறை, ஒரு சமையல்கட்டு. மகன் தலையெடுத்த பிறகு மாடி. ஐந்து வருடம் சிறிய வீட்டில் இருப்பது அவமானமல்ல.

குடிசையில் இருப்பவர்கள், கல்வராயன் மலைக் கிராமங்களில் உள்ளவர்கள் உட்பட, அரசு உதவியை விசாரியுங்கள். கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் 3.50 லட்சம் ரூபாய் கொடுக்கிறார்கள். அது கடனல்ல, மானியம். நம் மஹல்லாவில் படித்த பிள்ளைகள் இதற்கு மனு எழுதிக் கொடுக்கலாம்.

உங்கள் நிலைமை வேறு என்று நினைத்தால், கையெழுத்துப் போடுவதற்கு முன் ஓர் ஆலிமிடம் முழு விவரத்தையும் சொல்லிக் கேளுங்கள். போட்ட பிறகு வந்து கேட்காதீர்கள்.

ஏற்கனவே கடனில் இருப்பவர்களுக்கு

நம்பிக்கை இழக்காதீர்கள். தவ்பாவின் கதவு திறந்தே இருக்கிறது. அந்தத் தவ்பாவின் அடையாளம், சீக்கிரம் வெளியே வரப் பாடுபடுவது.

ஒன்று: கணக்கு அறிக்கையை வாங்கி, மீதி அசல் எவ்வளவு, எத்தனை மாதம் பாக்கி என்று மனைவியோடு உட்கார்ந்து பாருங்கள்.

இரண்டு: கையில் சேரும் பணத்தை அசலில் கட்டுங்கள். மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் வசூலிக்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள்.

மூன்று: கடன் முழுதும் தீர்ந்ததும் 30 நாளுக்குள் அசல் பத்திரங்கள் உங்கள் கைக்கு வர வேண்டும். அவர்கள் தரப்பில் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. இது 2023 டிசம்பர் முதல் உள்ள விதி. பிறகு வில்லங்கச் சான்று போட்டு, அடமானம் நீங்கியிருக்கிறதா என்று சரிபாருங்கள். வாரிசுகளுக்குத் தலைவலியை விட்டுப் போகாதீர்கள்.

ஜமாஅத்தாரின் பொறுப்பு

குடிபுகுதலுக்கு ஊரையே கூப்பிட்டுச் சாப்பாடு போட வைப்பது யார்? "அவன் வீட்டைப் பார்த்தாயா, நீ எப்போ?" என்று கேட்பது யார்? நாம்தான். ஒருவரின் கடனில் நம் நாக்குக்கும் பங்கு இருக்கிறது. வசதி படைத்தவர்களே, உங்களிடம் சும்மா கிடக்கும் ஒரு லட்சத்தைக் கர்ளன் ஹசனாவாக ஒரு சகோதரருக்குக் கொடுத்துப் பாருங்கள். கஷ்டப்படுபவருக்கு அவகாசம் கொடுப்பதையும், தள்ளுபடி செய்வது அதைவிடச் சிறந்தது என்பதையும் அல்பகராவின் 280வது வசனம் கற்றுத்தருகிறது.

அந்தச் சகோதரர் என்ன செய்தார் தெரியுமா? வீட்டின் முன்பக்க அலங்காரத்துக்கும் கேட்டுக்கும் என்று ஒரு லட்சம் சேர்த்து வைத்திருந்தார். "கேட்டு இல்லாட்டி என்ன, கடன் போகட்டும்" என்று அவர் மனைவி சொல்லியிருக்கிறார். அதை அசலில் கட்டினார். நாம் பார்த்த கணக்குப்படி, ஐந்தாம் வருட முடிவில் கட்டும் அந்த ஒரு லட்சம் கடைசியில் சுமார் 20 தவணைகளை, அதாவது மூன்றரை லட்சத்துக்கு மேல் கட்ட வேண்டியதைக் குறைக்கிறது. அவர் வீட்டுக்கு இன்னும் கேட்டு இல்லை. கீற்றுத் தட்டிதான் மறைப்பு. நேற்று அந்த வழியாகப் போனேன். குடிபுகுதல் அன்று கேட்காத துஆவை அங்கே நின்று கேட்டேன்.

யா அல்லாஹ்! எங்களுக்கு ஹலாலான ரிஸ்கையும் அதில் பரக்கத்தையும் தருவாயாக. கடனில் இருப்பவர்களின் கடனை, அவர்கள் உயிரோடு இருக்கும்போதே நிறைவேற்றித் தருவாயாக. வட்டியிலிருந்து எங்களையும் எங்கள் சந்ததிகளையும் காப்பாயாக. வீடில்லாதவர்களுக்கு நிம்மதியாக உறங்கும் ஒரு கூரையைத் தருவாயாக. ஆமீன்.

அஸ்ஸலாமு அலைக்கும் வரஹ்மத்துல்லாஹி வபரகாத்துஹு.