ஆயில் எஞ்சினில் எண்ணெய்க் கசிவு

பயிர் நீரின்றி வாடும் வேளையில் ஆயில் எஞ்சின் இறுகி நின்றுவிட்டால் உழவர் அடையும் நஷ்டம் பெரிது. மசகெண்ணெய் கசிந்து குறைவது இதற்கு ஒரு முக்கியக் காரணமாகும்.

கசிவைக் கண்டதும் சீலை மாற்றுவதே வழக்கம். எமது வட்டாரத்தில் ஓர் உழவர் இருமுறை சீல் மாற்றியும் கசிவு நிற்கவில்லை. அடைபட்டிருந்த பிரீதரைக் கழற்றி, மண்ணெண்ணெயில் கழுவி மாட்டிய பின்னரே நின்றது. காரணம் யாது? எஞ்சின் ஓடுகையில், பிஸ்டன் வளையங்களைத் தாண்டிச் சிறிது வாயு கீழ்ப்பெட்டிக்குள் இறங்கும். அது வெளியேறும் மூச்சுவழியே பிரீதர். அவ்வழி அடைபட்டால் உள்ளே அழுத்தம் மிகுந்து, பழுதற்ற சீல் வழியாகவும் எண்ணெய் பிதுங்கும்.

ஆகவே, பின்வரும் முறையைக் கைக்கொள்ளுதல் நலம்:

1. எஞ்சினை நிறுத்தி ஆறவிட்டு, எண்ணெய் அளவைப் பார்க்கவும். அளவுகோலின் மேற்குறியைத் தாண்டியிருப்பின் மிகுதியை வடித்துவிடவும்.

2. பிரீதரைச் சுத்தம் செய்யவும்.

3. எஞ்சினின் வெளிப்புறத்தை நன்கு துடைத்து, கால்மணி நேரம் ஓட்டி நிறுத்தவும். எண்ணெய் கீழ்நோக்கி வழிவதால், ஈரம் காணும் இடங்களுள் மேலே உள்ளதே பெரும்பாலும் கசிவின் பிறப்பிடம்.

4. அவ்விடத்துப் போல்ட்டுகளைச் சமமாக முடுக்கவும். பின்னும் கசிந்தால் பாக்கிங்கை மாற்றவும். எண்ணெய் வடிக்கும் திருகில் கசிந்தால் அதன் வாஷரை மாற்றவும். சுழல்தண்டின் முனையில் கசிந்தால் மட்டுமே சீலை மாற்றவும்.

பிரீதர் வழியே புகை மிகுதியாக வந்தால், வளையங்கள் தேய்ந்திருக்கக்கூடும், மெக்கானிக்கை அழைக்கவும். வடித்த எண்ணெயை வாய்க்காலிலோ கிணற்றருகிலோ ஊற்றலாகாது. பஞ்சாயத்து உறுப்பினர்கள் இவற்றைத் தத்தம் ஊராருக்கு எடுத்துரைப்பார்களாக.