மிஞ்சிய கறியும் உருளைக்கிழங்கும்

(மனையியல் பாடம்)



திருநாளன்று நம் வீட்டுக் கறி வாசனை தெருக்கோடி வரை வீசும். மறுநாள் காலையில் சட்டிக்குள் எட்டிப் பார்ப்பவர் யார்? அடியில் நாலைந்து துண்டுக் கறி, கொஞ்சம் மசாலா, பக்கத்தில் வேகவைத்து மிஞ்சிய இரண்டு உருளைக்கிழங்கு. ஐந்து பேருக்கு அது பற்றாது. எறியவும் மனம் வராது. முடிவில் அது யாருக்குப் போகிறது? எல்லாரும் உண்டு எழுந்தபின் அடுப்பங்கரையில் தனியே அமர்ந்திருக்கும் அம்மாவுக்குத்தான்!

என் தாயாரும் அப்படித்தான். அப்பாவுக்குத் துறைமுகத்தில் வேலை. வீட்டில் நாங்கள் நால்வர், ஆயா ஒருவர். ஒரு கிறிஸ்துமஸுக்கு மறுநாள், முதல் நாள் பகலில் சமைத்து இரவெல்லாம் மூடி வைத்திருந்த கறியை அம்மா எங்களுக்குத் தரவில்லை. "பிள்ளைகளுக்கு ஒத்துக்கொள்ளாது" என்று சொல்லிவிட்டு, வீணாகக் கூடாதே என்று நன்றாகக் கொதிக்கவைத்துத் தாமே உண்டார்கள். அன்றிரவே வாந்தியும் வயிற்றுப்போக்கும் கண்டு மூன்று நாள் படுத்துவிட்டார்கள். அந்தக் கறி நல்லதாக இருந்திருந்தால் எங்கள் எல்லாருக்கும் கிடைத்திருக்க வேண்டும். கெட்டதாக இருந்தால் அம்மாவும் அதை உண்டிருக்கக் கூடாது. இந்தச் சிறிய உண்மை எனக்கு விளங்கப் பல ஆண்டுகள் ஆயின. மிஞ்சியதைப் பத்திரமாக வைப்பது எப்படி, அதை எல்லாருக்கும் உரிய ஒரு புதிய பதார்த்தமாக மாற்றுவது எப்படி என்பதே இன்றைய பாடம்.

துறைமுகங்களில் பிறந்த உணவு

கறியையும் கிழங்கையும் பொடியாக நறுக்கிச் சேர்த்து வறுக்கும் இந்த உணவுக்கு ஆங்கிலத்தில் ‘ஹாஷ்’ என்று பெயர். ‘நறுக்குதல்’ என்னும் பொருளுள்ள பிரெஞ்சுச் சொல்லிலிருந்து அது வந்தது. சுவீடன் நாட்டில் இதை ‘பித்திபன்னா’ என்பார்கள். வாணலியில் இட்ட சிறு துண்டுகள் என்பது பொருள். அங்கே மேலே ஒரு முட்டையைப் பொரித்து வைத்துப் பரிமாறுவது வழக்கம்.

துறைமுகப் பகுதியில் வாழும் நமக்கு இதில் இன்னொரு சுவையான செய்தியும் உண்டு. பாய்மரக் கப்பல் காலத்தில் மாலுமிகள் மாதக்கணக்கில் கடலில் இருந்தார்கள். அவர்களுக்குக் கிடைத்தது உப்பிட்ட இறைச்சிதான். ஜெர்மனியின் ஹாம்பர்க் துறைமுகத்தில் உப்பிட்ட மாட்டிறைச்சியையும் உருளைக்கிழங்கையும் சேர்த்து மசித்த ‘லாப்ஸ்கவுஸ்’ இன்றும் பெயர் பெற்ற உணவாகும். இங்கிலாந்தின் லிவர்பூல் துறைமுகத்தில் இறைச்சியும் கிழங்கும் சேர்த்து வேகவைக்கும் உணவுக்கு ‘ஸ்கவுஸ்’ என்று பெயர். அவ்வூர் மக்களையே ‘ஸ்கவுசர்’ என்று அழைக்கும் அளவுக்கு அது அவர்களோடு ஒன்றிவிட்டது. நம் நாட்டுப்புறங்களில் இறைச்சியை உப்பும் மஞ்சளும் தடவி வெயிலில் உலர்த்தி ‘உப்புக்கண்டம்’ போடுவதும் இதே அறிவிலிருந்து பிறந்ததே.

நம் ஊரிலும் இதற்கு ஓர் உறவு உண்டு. 1856ஆம் ஆண்டு இராயபுரம் இரயில் நிலையம் திறக்கப்பட்டது. தென்னிந்தியாவின் முதல் பயணிகள் இரயில் அங்கிருந்துதான் வாலாஜா ரோடு நோக்கிப் புறப்பட்டது. இரயில்வேயில் பணியாற்றிய ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பல இராயபுரத்திலும் பெரம்பூரிலும் குடியேறின. ஞாயிற்றுக்கிழமை வறுத்த இறைச்சியில் மிஞ்சியதை, மறுநாள் வெங்காயமும் பச்சை மிளகாயும் சேர்த்து வதக்கி ‘ஜல்ஃப்ரேசி’ என்று பரிமாறுவது அவர்கள் வழக்கம். வங்காள மொழியில் ‘ஜால்’ என்றால் காரம். கூடவே ‘பெப்பர் வாட்டர்’ இருக்கும். அது வேறொன்றுமில்லை, நம் மிளகு இரசம்தான்!

சென்னையில் படை அதிகாரியாக இருந்த கென்னி-ஹெர்பர்ட் என்பவர், 1878ஆம் ஆண்டு ‘கலினரி ஜாட்டிங்ஸ் ஃபார் மெட்ராஸ்’ என்னும் சமையல் நூலை வெளியிட்டார். மிஞ்சிய இறைச்சியை மறுபடி சமைப்பதற்கென்றே அதில் ஓர் அதிகாரம் ஒதுக்கியுள்ளார். பணியாட்கள் பலர் இருந்த பெரிய வீடுகளிலும் மிச்சத்தைப் பயன்படுத்துவது ஒரு கலையாகவே கருதப்பட்டது. ஆகவே இது ஏழைமையின் அடையாளம் என்று எவரும் கூச வேண்டியதில்லை.

முதலில் பத்திரம், பிறகு சமையல்

"நன்றாகக் கொதிக்கவைத்தால் எல்லாக் கிருமியும் செத்துவிடும்" என்று பலர் நம்புகிறோம். என் தாயாரும் அப்படியே நம்பினார்கள். இது பாதி உண்மையே.

சமைக்கும்போது பெரும்பாலான கிருமிகள் மடிகின்றன. ஆனால் ‘குளோஸ்டிரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ்’ போன்ற சில கிருமிகளின் வித்துகள் கொதியையும் தாங்கிப் பிழைத்துக்கொள்ளும். பெரிய சட்டியில் கறி மெல்ல மெல்ல ஆறும்போது அவை முளைத்துப் பெருகும். நம் கைகளிலும் மூக்கிலும் வாழும் ‘ஸ்டஃபிலோகாக்கஸ்’ கிருமியோ உணவில் ஒருவகை நஞ்சைச் சேர்த்துவிடும். கிருமி மடிந்தாலும் அந்த நஞ்சு கொதித்தலால் அழிவதில்லை. இதில் பெரிய ஆபத்து என்னவென்றால், இப்படிக் கெட்ட உணவு பல சமயங்களில் நல்ல மணத்தோடும் நல்ல நிறத்தோடும் இருக்கும். எனவே மூக்கை மட்டும் நம்பாதீர்கள், கடிகாரத்தை நம்புங்கள்.

மனத்தில் பதிக்க வேண்டிய விதிகள்:

1. கிருமிகள் வேகமாகப் பெருகுவது 5 டிகிரி முதல் 60 டிகிரி செல்சியஸ் வரையுள்ள வெப்பத்தில். சமைத்த கறி அறை வெப்பத்தில் 2 மணி நேரத்துக்கு மேல் இருக்கலாகாது. வெப்பம் 32 டிகிரியைத் தாண்டும் நம் கோடை நாள்களில் 1 மணி நேரமே கணக்கு.

2. ஆழமான சட்டியில் அப்படியே வைக்காமல், அகன்ற தட்டுகளில் பரப்பினால் கறி விரைவில் ஆறும். பிறகு மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள்.

3. பெட்டியில் வைத்ததை மறுநாளே பயன்படுத்துங்கள். நீண்ட நேரம் மின்சாரம் தடைபட்டிருந்தால் அதை உண்ண வேண்டாம்.

4. மறுபடி சூடாக்கும்போது உள்வரை 74 டிகிரி வெப்பம் ஏற வேண்டும். வெப்பமானி இல்லையென்றால், எல்லாத் துண்டுகளிலும் ஆவி பறக்கிறதா என்று பாருங்கள். ஒரு முறைதான் சூடாக்கலாம். அதிலும் மிஞ்சினால் எறிந்துவிட வேண்டும்.

குளிர்சாதனப் பெட்டி இல்லாதவர்கள் என்ன செய்வது? அளவறிந்து சமைப்பது முதல் வழி. கூடுதலாக இருக்கும் என்று தெரிந்தால், சூடு ஆறுமுன்பே ஒரு கிண்ணத்தில் எடுத்துப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிடுவது இரண்டாவது வழி. அப்பங்களும் மீன்களும் பகிர்ந்தளிக்கப்பட்ட புதுமையில், மக்கள் உண்டு முடித்தவுடனேயே மிஞ்சிய துண்டுகள் பன்னிரண்டு கூடைகளில் சேர்க்கப்பட்டன என்பதை நாம் அறிவோம். மறுநாள் வரை அவை தரையில் கிடக்கவில்லை!

தேவையான பொருள்கள் (5 பேருக்கு)

சமைத்த ஆட்டுக்கறி, மாட்டுக்கறி அல்லது கோழி – 250 கிராம்
வேகவைத்த உருளைக்கிழங்கு – 400 கிராம்
பெரிய வெங்காயம் – 2
பச்சை மிளகாய் – 3
இஞ்சி பூண்டு விழுது – 1 தேக்கரண்டி
மிளகுத்தூள் – 1 தேக்கரண்டி
மஞ்சள்தூள் – கால் தேக்கரண்டி
எண்ணெய் – 3 மேசைக்கரண்டி
எலுமிச்சம்பழம் – அரை மூடி
உப்பு, கொத்துமல்லித்தழை – தேவைக்கு

கறி 250 கிராம்தான். கிழங்கு அதைவிட அதிகம். தனியாகப் பங்கிட்டால் ஆளுக்கு இரண்டு துண்டுகூட வராத கறி, கிழங்கோடு சேரும்போது ஐந்து தட்டுகளிலும் சமமாக விழும். இந்த உணவின் இரகசியமே இதுதான்.

செய்முறை

கைகளைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். கறியிலிருந்து எலும்பை முழுவதும் நீக்கிவிடுங்கள். சிறு எலும்புச் சில் குழந்தையின் தொண்டையில் சிக்கக்கூடும். கறியைப் பட்டாணி அளவுக்கு நறுக்குங்கள். ஏற்கெனவே வெந்த கறி மறுபடி நெடுநேரம் அடுப்பில் இருந்தால் நார்போல் ஆகிவிடும். பொடியாக நறுக்கினால் சீக்கிரம் சூடேறும், மெல்லவும் எளிது.

கிழங்கை முதல் நாளே வேகவைத்துக் குளிர்ச்சியாக வைத்திருப்பது நல்லது. சூடான கிழங்கை நறுக்கினால் குழைந்துவிடும். ஆறியதும் அதிலுள்ள மாவுச்சத்து இறுகுவதால் துண்டுகள் உடையாமல் நிற்கும். பச்சை நிறம் ஏறிய கிழங்கில் ‘சோலனின்’ என்னும் நச்சுப்பொருள் இருக்கக்கூடும். அதை வாங்கவே வேண்டாம்.

கனமான இரும்பு வாணலியையோ தோசைக்கல்லையோ நன்றாகக் காயவைத்து எண்ணெய் ஊற்றுங்கள். வெங்காயம், மிளகாய், இஞ்சி பூண்டு விழுது ஆகியவற்றை வதக்கி ஒரு தட்டில் எடுத்து வையுங்கள். இப்போது கிழங்கைப் பரப்பி, உப்பும் மஞ்சளும் தூவிக் கரண்டியால் இலேசாக அழுத்துங்கள். இனி மூன்று நான்கு நிமிடம் கிளறவே கூடாது. புதிதாகச் சமைக்கக் கற்கும் பெண்களின் பெரிய குறை பொறுமையின்மையே! ஓயாமல் கிளறினால் கிழங்கு மசியலாகிவிடும். தொடாமல் விட்டால் அடியில் பொன்னிறமாக முறுகும். அந்த முறுகலில்தான் மணமும் சுவையும் இருக்கின்றன. பிறகு திருப்பிவிட்டு மறுபக்கத்தையும் முறுகவிடுங்கள்.

கறியில் குழம்பு இருந்தால் அதை வேறொரு பாத்திரத்தில் கொதிக்கவைத்துச் சுண்டவிடுங்கள். ஈரத்தோடு சேர்த்தால் முறுகல் கெட்டுவிடும். கடைசியில் கறியையும் வதக்கிய வெங்காயத்தையும் சேர்த்து, எங்கும் ஆவி பறக்கும் வரை நாலைந்து நிமிடம் பிரட்டுங்கள். மிளகுத்தூள் தூவி இறக்கி, எலுமிச்சைச் சாறு பிழிந்து, கொத்துமல்லியைத் தூவுங்கள். விரும்பினால் ஆளுக்கொரு முட்டையைப் பொரித்து மேலே வைக்கலாம். எல்லாம் சேர்த்து அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். சோறும் இரசமும் இருந்தால் பகல் உணவு. ரொட்டி இருந்தால், காலை ஷிப்டுக்குப் புறப்படும் அப்பாவுக்கோ அம்மாவுக்கோ சுடச்சுடப் பலகாரம்.

முடிவாக

மாணவியரே, பரிமாறுவதும் இப்பாடத்தில் அடங்கும். ஐந்து பேருக்குச் செய்தால் ஐந்து தட்டுகளை ஒரே நேரத்தில் வையுங்கள். ஐந்தாவது தட்டு அம்மாவுடையது. "நீங்கள் சாப்பிடுங்கள், நான் பிறகு பார்த்துக்கொள்கிறேன்" என்று அவர்கள் சொல்வார்கள். நீங்கள் விடாதீர்கள், கையைப் பிடித்து உட்காரவையுங்கள். உங்கள் தம்பியோ அண்ணனோ வெங்காயம் நறுக்க வந்தால் அவர்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அடுப்பங்கரை பெண்களுக்கு மட்டும் எழுதிவைத்த இடமல்ல.

ஐயத்துக்கு இடமான உணவை, யாருக்கும் கொடுக்காமல், அம்மாவும் உண்ணாமல், தயங்காது கொட்டிவிடுங்கள். ஒரு கைப்பிடிக் கறியைவிட அம்மாவின் உடல்நலம் விலை உயர்ந்தது அல்லவா?

வீட்டில் செய்து பார்க்க: அடுத்த திருநாளன்று, கறி அடுப்பிலிருந்து இறங்கிய நேரத்தையும் குளிர்சாதனப் பெட்டிக்குள் சென்ற நேரத்தையும் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டுக்கும் இடையே எத்தனை மணி நேரம் என்று கணக்கிட்டு வகுப்பில் சொல்லுங்கள்.

– மனையியல் ஆசிரியை