நாகமாணிக்கம் விற்க வந்தால்: ஆறு படிகள்

தோட்டத்தில் யாருக்காவது ஈ.பி.எஃப். காசு கிடைத்தது வெளியே தெரிந்தால் போதும், சில கதைகளும் லயத்து வாசலுக்கு வந்து சேரும். அவற்றில் பழையது நாகமாணிக்கம். கிழட்டு நாகம் கடிக்காமல் சேர்த்து வைத்த விஷம் தலைக்குள் கல்லாக இறுகுமாம். அது இருட்டில் ஒளிருமாம், செல்வம் சேர்க்குமாம், விஷம் இறக்குமாம்.

ஊவாவில் இந்தக் கதை எடுபடக் காரணம் உண்டு. மொனராகலை மாவட்டத்து ஒக்கம்பிட்டியவில் நெடுங்காலமாக நீலக்கல்லும் கார்னெட்டும் தோண்டி எடுக்கிறார்கள். 2012இல் கதிர்காமத்துக்கு அருகே தம்மென்னாவ பகுதியில் வீதி வேலைக்கு அள்ளிய மண்ணிலேயே நீலக்கல் கிடைத்து, சனம் திரண்டது. ஆக, மண்ணுக்குள் கல் இருப்பது நிஜம், பாம்பின் தலைக்குள் இருப்பதுதான் பொய். ஆனால் கொண்டு வந்தவரோடு கதையைப் பற்றி வாதாடிப் பயனில்லை. கல்லைச் சோதியுங்கள்.

1. காசை வங்கியிலேயே விடுங்கள்

வழக்கமாக இருவர் வருவார்கள். ஒருவரிடம் கல் இருக்கும்; மற்றவர் கோடி ரூபாய்க்கு வாங்கக் கொழும்பில் ஆள் இருப்பதாகச் சொல்வார். இடையில் உங்களிடம் கேட்பது சில லட்சம்தான். கோடிக்கு வாங்க ஆள் இருந்தால் நேரே அவரிடமே போயிருப்பார்களே! “இன்றைக்கே முடிவு சொல்லுங்கள்” என்றால் பேச்சை அங்கேயே முடியுங்கள்.

2. பாம்பைக் காட்டினால் மயங்காதீர்கள்

உயிருள்ள நாகத்தின் தலையைக் கீறிக் கண்முன்னே கல் எடுத்துக் காட்டுவதும் உண்டு. முன்கூட்டியே தோலைக் கீறி, கல்லைச் செருகி, காயம் ஆறவிட்டுக் கொண்டு வந்த பாம்பு அது. நாகத்தின் விஷம் கண்ணுக்குப் பின்னால் உள்ள சுரப்பிகளில் திரவமாக ஊறுவது. அது கல்லாக இறுகுவதில்லை.

3. ஒளியைச் சோதியுங்கள்

கல்லைக் கறுப்புத் துணியில் சுற்றி, தகரப் பெட்டியில் ஒரு நாள் முழுக்க வையுங்கள். பிறகு இருட்டறையில் திறந்து பாருங்கள். ஒளி மங்கியிருந்தால், வெளிச்சத்தைக் குடித்து மெல்லக் கக்கும் பூச்சு அல்லது பிளாஸ்டிக். கள்ளநோட்டுப் பார்க்கும் ஊதா விளக்கில் மட்டும் ஒளிர்ந்தாலும் வியக்க ஒன்றுமில்லை: அந்த விளக்கில் மாணிக்கம் பெரும்பாலும் சிவப்பாகவும் ஃபுளோரைட் நீலமாகவும் மின்னும். குளோரோபேன் எனும் ஃபுளோரைட் வகை இளஞ்சூட்டிலேயே பச்சையாக ஒளிரும். இலங்கையின் நாகக்கல் இதுதான் என்று ஹென்சோல்ட் என்பவர் 1890இலேயே ஓர் அமெரிக்க இதழில் எழுதினார்.

4. எடை பாருங்கள்

நகைக்கடைத் தராசில் கல்லை நிறுத்துக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு தண்ணீர் உள்ள கோப்பையைத் தராசில் வைத்து அளவைப் பூச்சியமாக்குங்கள். கல்லை நூலில் கட்டி, அடியையோ பக்கத்தையோ தொடாமல் தண்ணீருக்குள் தொங்கவிடுங்கள். இப்போது காட்டும் எண்ணால் முதல் எடையை வகுக்க வேண்டும். 5 கிராம் கல், தண்ணீரில் 2 என்று காட்டினால் விடை 2.5.

விடை 1.2க்கு அருகில் என்றால் பிளாஸ்டிக், 2.5 அளவில் கண்ணாடி; 2.65 படிகக்கல், 3.2 ஃபுளோரைட், 4 என்றால் நீலக்கல் அல்லது மாணிக்கம். ஈயம் கலந்த கண்ணாடி கூடுதல் கனமாக இருக்கும் என்பதால் இந்த ஒரு சோதனையோடு நிறுத்த வேண்டாம்.

5. ஆய்வுகூடத்துக்கு அனுப்புங்கள்

4 வந்தாலும் அவசரப்படாதீர்கள். பிரெஞ்சு வேதியியலாளர் வெர்னொய் 1902இல் அறிவித்த முறையில் மாணிக்கத்தை உலையிலேயே வளர்க்கலாம். அதற்கும் எடையும் கடினமும் இயற்கைக் கல்லுக்கு உள்ளவையே. உள்ளே வளைகோடுகளா, இயற்கையான ஊசிப் படிகங்களா என்று ஆய்வுகூடத்தில்தான் பிரித்தறிய முடியும். கொழும்பில் தேசிய மாணிக்கக்கல் மற்றும் தங்க ஆபரண அதிகாரசபையிடம் இந்த வசதி உண்டு. கல் வியாபாரத்துக்கு அனுமதிப்பத்திரம் தேவை. அதைக் காட்டச் சொல்லுங்கள். கூடவே “கஜமுத்தும் இருக்கிறது” என்றால் விலகிவிடுங்கள். அது யானைத் தந்தத்திலிருந்து எடுப்பது. வனசீவராசிகள் சட்டத்தில் மாட்டிக்கொள்வீர்கள்.

6. விஷக்கடிக்குக் கல்லை நம்பாதீர்கள்

காயத்தில் ஒட்டும் கறுப்பு விஷக்கல் பெரும்பாலும் கருக்கிய எலும்பு. ஈரத்தை உறிஞ்சுவதால் ஒட்டுகிறது. உடலுக்குள் பரவிய விஷத்தை அது எடுக்காது. கடித்த பாம்பு விஷமற்றதாகவோ, விஷத்தை இறக்காமல் கடித்ததாகவோ இருக்கலாம். அப்படித் தப்பியவர்களால்தான் கல்லுக்குப் பேர் கிடைத்தது.

கொழுந்து மலையில் யாரையாவது பாம்பு கடித்தால், மோதிரம், வளையல்களைக் கழற்றுங்கள். கடிபட்ட கை காலை அசையாமல் வையுங்கள். கீறவோ, உறிஞ்சவோ, இறுக்கிக் கட்டவோ வேண்டாம். பாம்பைத் தேடி நேரத்தை வீணாக்காமல் 1990க்கு அழையுங்கள். சுவசெரிய அம்புலன்ஸ் இலவசம். அது வரத் தாமதமானால் கிடைக்கும் வாகனத்தில் அருகிலுள்ள அரச ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள். உடம்பில் மாற்றம் எதுவும் தெரியாவிட்டாலும் டொக்டர் விடும்வரை வீடு திரும்பக் கூடாது; இரத்தம் உறையும் திறன் கெடுவதை மீண்டும் மீண்டும் சோதித்தால்தான் கண்டுபிடிக்க முடியும்.