மெழுகைச் சுரண்டுவதை நிறுத்துங்கள்

கத்தியால் ஆப்பிள் தோலைச் சுரண்டி, வெள்ளையாக உதிர்வதைக் காட்டி, "இந்த மெழுகாலதான் மக்களே, மாசக்கணக்கா அழுகாம இருக்கு" என்று அலறும் வீடியோ இந்த வருஷமும் வந்துவிட்டது. உறவினர் குழு, குடியிருப்போர் சங்கக் குழு, பழைய மாணவர் குழு, எல்லாவற்றிலும் அதே கத்தி, அதே அலறல். பயிர் நோயியல்காரன் என்று தெரிந்தும் எனக்கே அனுப்பி, "சார், உஷார்" என்கிறார்கள்.

மெழுகு அழுகலைத் தடுக்காது. தடுக்குமென்றால் என் துறையில் பாதிப் பேருக்கு வேலையே இருக்காது.

ஆப்பிள் மரத்தில் இருக்கும்போதே தன் தோல்மேல் மெழுகை உண்டாக்கிக்கொள்கிறது. பறித்த பழத்தை வேட்டியில் தேய்த்தால் பளபளப்பது அதனால்தான். தோட்டத்திலிருந்து நேரே வந்த பழத்தைச் சுரண்டினாலும் வெள்ளையாக வரும். கழுவும்போது அதில் கொஞ்சம் போய்விடும். ஈரம் வற்றித் தோல் சுருங்கும். அதைச் சரிக்கட்டத்தான் மேல்பூச்சு. தேன்மெழுகு, கார்னோபா மெழுகு, அரக்கு மெழுகு ஆகியவற்றுக்கு நம் உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் அனுமதி உண்டு. கண்டதைப் பூசி விற்பவன்மேல் புகார் கொடுங்கள், நானும் கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் ஒன்றை யோசியுங்கள். பூச்சு வழக்கமாக நடப்பது கிடங்கிலிருந்து வெளியே எடுத்து, கழுவி, தரம் பிரித்து, பெட்டியில் அடுக்கும்போது. அதுவரை மாதக்கணக்கில் பழம் அந்தப் பூச்சு இல்லாமல்தானே இருந்தது?

அத்தனை நாள் அதைக் காத்தது குளிரும் காற்றும். இமாச்சலிலும் காஷ்மீரிலும் ஆகஸ்ட் முதல் அக்டோபர் வரை பறிக்கும் பழத்தை, 0 டிகிரியை ஒட்டிய குளிரில், காற்றில் 21 சதவீதம் இருக்கும் ஆக்சிஜனை 1 முதல் 3 சதவீதமாகக் குறைத்துப் பூட்டி வைக்கிறார்கள். பழத்தின் மூச்சு மந்தமாகிறது, பழுப்பது தள்ளிப்போகிறது. கிட், வெஸ்ட் என்ற இரண்டு ஆய்வாளர்கள் கேம்பிரிட்ஜில் 1920-களிலேயே செய்து காட்டிய வேலை இது. இதில் ரகசியமும் இல்லை, சதியும் இல்லை.

அப்படிப் பூட்டி வைத்தும் அழுகுகிறது என்பதுதான் கவலைப்பட வேண்டிய சங்கதி. முதல் எதிரி நீலப் பூசணம், பெனிசிலியம் எக்ஸ்பான்சம். முழுத்தோலைத் துளைக்க அதற்குத் தெம்பில்லை, காயம் வேண்டும். பறிப்பவரின் நகக்கீறல், பக்கத்துப் பழத்தின் காம்பு குத்திய ஓட்டை, ஆலங்கட்டி அடித்த வடு, ஏதாவது ஒன்று போதும். வித்துகள் கூடையிலும் கழுவும் தொட்டித் தண்ணீரிலும் காத்திருக்கும். பிடித்த இடம் வெளிர்பழுப்பாகி நீர்கோத்துக்கொள்ளும். கரண்டியை விட்டால் அழுகிய சதை மட்டும் நுங்குபோல வழுக்கிக்கொண்டு வெளியே வரும், நல்ல சதையில் சுத்தமான குழி நிற்கும். மேலே வெள்ளை முடிச்சுகள் கிளம்பி நீலப்பச்சையாக மாறும். மக்கு வாடை மூக்கில் ஏறும். சாம்பல் பூசணம் வேறு ரகம். சதை அவ்வளவு குழையாது, கரண்டிக்குப் பிரிந்தும் வராது. தொட்டுக்கொண்டிருக்கும் பழங்களுக்கெல்லாம் பரவி ஒரு கூட்டையே அழிக்கும். ஓர் அழுகல் பெட்டியையே கெடுக்கும் என்று பாட்டி சொன்னது இந்தப் பூஞ்சை விஷயத்தில் அப்பட்டமான உண்மை.

மற்ற கதைகளுக்கு இவ்வளவு நேரம் தர முடியாது. குளிரில் பூஞ்சை செத்துவிடுமாம். சாகாது, இந்த இரண்டும் 0 டிகிரியிலும் நிதானமாக வளரும். விதையறை கறுத்திருந்தால் ஊசி போட்ட பழமாம். பூக்கும் பருவத்திலேயே நுழைந்துவிடும் ஆல்டர்னேரியா போன்ற பூஞ்சைகளின் வேலை அது. ரெட் டெலிஷஸ் பழத்தின் அடிப்புறக் குழாய் மூடாமலே இருந்துவிடுவதால் அதற்கு இது அதிகம். நீலப் பூசணம் பெனிசிலின் இனம், உடம்புக்கு நல்லதாம்! இது சுரப்பது பட்டுலின் என்ற நஞ்சு. அதையும் சளிக்கு மருந்தென்று நம்பி 1944-இல் பிரிட்டனில் முறையாகச் சோதித்தார்கள். ஒரு பலனும் இல்லை.

அழுகலை வெட்டிவிட்டு மிச்சத்தை ஜூஸ் போடுபவர்களுக்கும் இந்த நஞ்சைத்தான் சொல்ல வேண்டும். அழுகலை ஒட்டிய நல்ல சதைக்குள்ளும் அது ஊறுகிறது. காய்ச்சினாலும் முழுதாகப் போகாது. ஆப்பிள் சாற்றில் கிலோவுக்கு 50 மைக்ரோகிராம்தான் உச்சவரம்பு. நீலம் பூத்த பழத்தை முழுசாகத் தூக்கிப் போடுங்கள்.

காயம்தான் வாசல் என்றால், பேச வேண்டியது அட்டைப்பெட்டியைப் பற்றி. உயரத்தை இழுத்துக் கூட்டக்கூடிய பழைய டெலஸ்கோப்பிக் பெட்டியில் 30 கிலோவுக்கு மேல்கூடத் திணிப்பார்கள். அடியில் கிடக்கும் பழம் நசுங்காமல் என்ன செய்யும்? 2024 பருவத்திலிருந்து இமாச்சல் அரசு ஒரே அளவுள்ள யுனிவர்சல் பெட்டியைக் கட்டாயமாக்கியது. விவசாயிக்கு நியாய விலை கிடைக்க என்று சொல்லிக் கொண்டுவந்தார்கள். என் கணக்கில் எந்த மருந்துத் தெளிப்புக்கும் குறையாத நோய்த்தடுப்பு அது. காஷ்மீரும் இதையே செய்ய வேண்டும். தரையில் விழுந்த பழத்தைப் பறித்த பழத்தோடு கலக்கக் கூடாது. லாரியிலிருந்து பெட்டியை எறிந்து இறக்கும் வழக்கத்துக்கும் யாராவது ஒரு வீடியோ எடுத்தால், அதை எல்லாக் குழுவிலும் நானே போடுகிறேன்.